ஆயிரம் பொய்யும் ஒரு கையெழுத்தும்

(வெள்ளவத்தையில் நடந்த வாசகர் வட்டக் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

மதிப்புக்குரிய தலைவர் அவர்களே, முன்வரிசையில் வீற்றிருக்கும் ஓய்வுபெற்ற நீதவான் ஐயா அவர்களே, அவருடைய துணைவியார் அவர்களே, இந்த மண்டபத்தை வாடகை வாங்காமல் தந்த அறங்காவலர் சபையினரே, வரவேற்புரையையே ஒரு வெண்பாவாகப் பாடிய கவிஞர் அவர்களே, மழையையும் காலி வீதி வாகன நெரிசலையும் பொருட்படுத்தாமல் கொட்டாஞ்சேனையில் இருந்தும் தெகிவளையில் இருந்தும் வந்திருக்கும் சகோதரிகளே, சகோதரர்களே, அனைவருக்கும் வணக்கம்.

தலைவர் என்னைப் பற்றிச் சொன்னவற்றில் பாதியை என் வீட்டார் கேட்டிருந்தால் சிரித்திருப்பார்கள். மீதிப் பாதிக்கு நன்றி. பொன்னாடை போர்த்திய பொருளாளர் அம்மாவுக்கும் நன்றி. போன தடவை போர்த்தியது நூல் சேலை. இந்தத் தடவை பட்டு. சங்கத்தின் நிதிநிலை முன்னேறியிருக்கிறது என்று நினைக்கிறேன்.

சரி, விஷயத்துக்கு வருவோம். சென்ற மாதம் நம் வட்டம் எடுத்துக்கொண்டது ஓர் ஆங்கில வரலாற்று நாவல். கொன்சுவேலோ வாண்டர்பில்ட் என்ற அமெரிக்கக் கோடீஸ்வரப் பெண்ணின் கலியாணத்தை வைத்து எழுதப்பட்டது. வாசித்தவர்கள் சொன்ன அபிப்பிராயங்களைத் தொகுத்து மூன்று விஷயம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். ஒன்று, அந்தத் தாய். இரண்டு, அந்த மாப்பிள்ளை. மூன்று, நாவலாசிரியர் வரலாற்றை எவ்வளவு தூரம் வளைக்கலாம் என்பது.

வாசிக்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1895 நவம்பர் 6ஆம் திகதி, நியூயோர்க்கில் ஐந்தாம் அவெனியூவிலுள்ள புனித தோமையார் தேவாலயம். மணமகளுக்கு 18 வயது. மாப்பிள்ளை இங்கிலாந்தின் ஒன்பதாவது மார்ல்பரோ கோமகன், வின்ஸ்டன் சேர்ச்சிலின் உறவுக்காரர். சீதனம் 25 இலட்சம் டொலர், அதுவும் ரயில்வே கம்பனிப் பங்குகளாக. மணமகள் கோவிலுக்குப் பிந்தித்தான் வந்தாள். அழுது வீங்கிய கண்ணைத் தண்ணீர் ஒற்றி ஒற்றிச் சரிப்படுத்த வேண்டியிருந்தது. அவளுடைய அறை வாசலில் ஒரு வேலையாளைக் காவலுக்கு நிறுத்தியிருந்தார்கள். அவளோடு யாரும் கதைத்துவிடக் கூடாது. அதே வேளை, பத்திரிகைகள் அவளுடைய உள்ளாடை வரைக்கும் வர்ணித்துக்கொண்டிருந்தன. 1906இல் பிரிந்தார்கள். 1921இல் விவாகரத்து.

நம்முடைய பழமொழி ஒன்று இருக்கிறதே, ஆயிரம் பொய் சொல்லி ஒரு கலியாணத்தைச் செய்து வை என்று. மகளின் மனதை மாற்றத் தாய் ஆல்வா சொன்னவற்றைக் கேளுங்கள். மகள் விரும்பிய பையனின் பெயர் வின்த்ரொப் ரதர்ஃபர்ட். அவனுடைய பரம்பரையில் பைத்தியம் இருக்கிறது, அவனுக்குப் பிள்ளை பிறக்காது, அவன் காசுக்காகத்தான் சுற்றுகிறான், கலியாணமான ஒருத்தியோடு அவனுக்குத் தொடர்பு. இவ்வளவுக்கும் மகள் மசியவில்லை என்றதும், அம்மாவுக்கு மாரடைப்பு, நீ பிடிவாதம் பிடித்தால் உயிர் போய்விடும் என்று வீட்டுச் சிநேகிதி வந்து சொல்கிறாள். கொன்சுவேலோவே 1952இல் வெளிவந்த தன் வாழ்க்கை வரலாற்றில் இதை எழுதியிருக்கிறார். யாழ்ப்பாணத்துத் தரகர் யாராவது இவ்வளவு சொல்லியிருப்பாரா?

வாசகர்கள் இந்தத் தாயை விட்டு வைக்கவில்லை. ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர், "இவள் தாயில்லை, பேய்" என்று எழுதித் தந்தார். இரண்டு பெண் பிள்ளைகளை வைத்திருக்கும் ஒரு சகோதரி அதை ஒப்புக்கொள்ளவே இல்லை. "மிஸ், பதினெட்டு வயதுப் பிள்ளைக்கு என்ன தெரியும்? கோமகன் வீடு தேடி வந்தால் நான் என்ன, கதவைச் சாத்தவா?" என்று கேட்டார். கூட்டத்தில் சிரித்தவர்களை விடத் தலையாட்டியவர்கள் அதிகம். நான் எண்ணவில்லை, ஆனால் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

இதில் ஒரு திருப்பம். இதே ஆல்வா பிற்காலத்தில் பெண்களுக்கு வாக்குரிமை கேட்டுப் பணத்தை அள்ளிக் கொடுத்துப் போராடிய அம்மையார். 1909இல் நியூயோர்க்கில் தையல் தொழிற்சாலைப் பெண்கள் வேலைநிறுத்தம் செய்தபோது அவர்களுக்குத் துணை நின்றார். கத்தோலிக்கத் திருச்சபையின் நீதிமன்றத்தில் அந்தக் கலியாணத்தைச் செல்லாது என்று ஆக்குவதற்காக, "என் மகளை நான்தான் கட்டாயப்படுத்தினேன்" என்று தாமே சாட்சி சொன்னார். அந்தத் தீர்ப்பு 1926இல் வந்தது. ஒரு தம்பி கேட்டார், "ஊர்ப் பெண்களுக்கு உரிமை கேட்டவருக்குச் சொந்த மகளைத் தெரியாமல் போய்விட்டதா?" நல்ல கேள்வி. நாவல் இதற்குப் பதில் சொல்லவில்லை. நான் சொன்னால் தலைவர் மணி அடித்துவிடுவார்.

இரண்டாவது, மாப்பிள்ளை. அவர் பாவம் என்று ஒரு பகுதியினர். தன் பரம்பரை வீடான பிளெனம் மாளிகையைத் திருத்தக் காசு தேவை, அவரும் விரும்பிய பெண்ணை விட்டுத்தான் வந்தார். நம் ஊரில் தங்கச்சிமாரைக் கரைசேர்க்கப் பெண் வீட்டாரிடம் டொனேஷன் வாங்கும் அண்ணன்மாரை நினைத்துக்கொள்ளுங்கள், போதும். அவரை விட்டு, அந்தச் சீதனத்துக்கு வருவோம். நான் உண்மையில் பேச வந்தது அதைத்தான்.

கொன்சுவேலோ இங்கிலாந்தில் குடியேறிய காலத்தில் அங்கே ஒரு சட்டம் இருந்தது. 1882ஆம் ஆண்டின் மணமான பெண்களின் சொத்துச் சட்டம். மனைவி தன் பெயரில் சொத்து வைத்திருக்கலாம், விற்கலாம். கணவன் கோமகனாக இருந்தாலும் அவரிடம் கையெழுத்துக் கேட்டு நிற்க வேண்டியதில்லை. இதே ஆங்கிலேயர், 29 வருடம் கழித்து, 1911இல் நமக்கு என்ன தந்தார்கள்? யாழ்ப்பாண திருமண உரிமைகள், மரபுரிமைக் கட்டளைச் சட்டம். அதன் 6ஆம் பிரிவு என்ன சொல்கிறது தெரியுமா? யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்ட மனைவியின் சொத்து அவளுடைய சொந்தச் சொத்துத்தான். நகையை விற்கலாம், கணவனைக் கேட்கத் தேவையில்லை. ஆனால் காணி, வீடு என்றால் கணவனின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். இதை விட வேடிக்கை, அதே காணியை மரண சாசனம் எழுதி யாருக்கும் கொடுக்கலாம். அதற்குச் சம்மதம் தேவையில்லை. அதாவது செத்த பிறகு அவள் சுதந்திரப் பெண். நீதவான் ஐயா தலையை ஆட்டுகிறார். நன்றி ஐயா.

எனக்குத் தெரிந்த ஓர் அக்கா. இணுவில் பக்கம். இப்போது இங்கே வெள்ளவத்தையில்தான் ஃபிளட்டில் இருக்கிறார்கள். சீதனமாக வந்த நாலு பரப்புக் காணி ஊரில் கிடந்தது. மகளுக்கு வெளிநாட்டில் பல்கலைக்கழக இடம் கிடைத்துவிட்டது. காசு கட்ட வேண்டும். வாங்க ஆள் ரொறன்ரோவில் இருந்து வந்து நிற்கிறார். இரண்டு கிழமை லீவு. நொத்தாரிசு உறுதியைத் தயாராக எழுதி வைத்திருக்கிறார். அக்காவின் கணவருடைய கையெழுத்து மட்டும் தேவை.

கணவரும் அக்காவும் ஒரே வீட்டில் இருந்தாலும் கதைப்பது கிடையாது. எல்லாம் மகள் மூலம்தான். "அப்பாவைச் சாப்பிட வரச் சொல்லு." "அம்மாவிடம் பசியில்லை என்று சொல்லு." மகள் பேனையையும் கடதாசியையும் கொண்டுபோய் நீட்டினாள். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுச் சொன்னார், "போடலாம். ஆனால் உன் மாமா முதலில் என் பெரியக்காவிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும்." என்ன குற்றம்? இவர்களின் கலியாணத்தன்று பெரியக்காவை மூன்றாம் பந்தியில் இருத்திவிட்டார்களாம். அந்தப் பந்தியில் வடை முடிந்துவிட்டதாம். சபையோரே, அந்த வடைக்குப் பிறந்த கோபத்துக்கு இப்போது மகளை விட வயது அதிகம்!

மாமா நோர்வேயில். அவருக்கு விஷயம் போனது. "நான் ஏன் மன்னிப்புக் கேட்க வேண்டும்? அன்று வடையைத் தின்று தீர்த்ததே அவர்களுடைய சித்தப்பாதான். நான் எண்ணிக்கொண்டு நின்றேன், ஒன்பது!" என்றார். ரொறன்ரோக்காரர் ஒரு நாளைக்கு மூன்று தரம் போன் எடுக்கிறார். கடைசியில் அக்கா தம்பியின் காலில் விழாத குறையாகக் கெஞ்சி, ஒரு ஞாயிற்றுக்கிழமை வட்ஸ்அப்பில் எல்லாரையும் ஒன்றாகப் பிடித்தார்கள். நோர்வே, வெள்ளவத்தை, பெரியக்கா இருக்கும் சுன்னாகம். மாமா தொண்டையைச் செருமிக்கொண்டு, "மச்சாள், அன்றைக்கு அந்த வடை விஷயத்தில்..." என்று தொடங்கினார். பெரியக்காவுக்குக் காது மந்தம். "என்ன, சடையா?" "வடை, வடை!" "வடையா? தம்பி, எனக்கு அப்பவே பல்லுக்கொதி. நான் எங்கே வடை சாப்பிட்டேன்?"

நீங்கள் சிரிக்கிறீர்கள். அந்த அக்காவும் இதை எனக்குச் சொன்னபோது சிரித்தார். கணவர் கையெழுத்துப் போட்டார், அடுத்த செவ்வாய்க்கிழமை. அதற்குள் ரொறன்ரோக்காரர் கோண்டாவிலில் வேறு காணி பார்த்து முற்பணமும் கட்டிவிட்டார். பிள்ளை ஒரு வருடம் பிந்தி, கடன் எடுத்துத்தான் போனாள்.

அதே சட்டத்தில் 8ஆம் பிரிவு இருக்கிறதே என்று சட்டம் படித்தவர்கள் சொல்வார்கள். கணவன் கைவிட்டுப் போனால், இருக்குமிடம் தெரியாவிட்டால், நியாயமில்லாமல் சம்மதம் மறுத்தால், மாவட்ட நீதிமன்றம் அவருக்குப் பதிலாகச் சம்மதம் கொடுக்கும். உண்மைதான். கணவன் மீது நீதிமன்றம் போய்விட்டு, வீட்டுக்கு வந்து அதே மனுசனுக்குச் சோறு போட வேண்டுமே! காணாமல் போன கணவன்மாரின் மனைவிமார் வடக்கில் எத்தனை பேர் இந்தக் கதவைத் தட்டியிருப்பார்கள் என்பதையும் யோசித்துப் பாருங்கள். அவர்களிடம் போய் வடைக் கதை சொல்லிச் சிரிக்க முடியாது.

இன்னொன்று. மட்டக்களப்புப் பெண் யாழ்ப்பாணத்தவரைக் கலியாணம் செய்தால், அந்தக் கலியாணம் நீடிக்கும் வரை அவளும் தேசவழமைக்குள் வந்துவிடுகிறாள். யாழ்ப்பாணப் பெண் மட்டக்களப்பாரைச் செய்தால் அவளுக்கு இந்தப் பூட்டு இல்லை. ஆகவே பெற்றோரே, பொருத்தம் பார்க்கும்போது செவ்வாயோடு இதையும் பாருங்கள்! ஆயிரம் பொய் சொல்லிக் கலியாணம் செய்து வைக்கிறோம், இந்த ஒரு உண்மையைப் பிள்ளைக்குச் சொல்லி அனுப்புவதில்லை.

இது நம் பாரம்பரியம், கை வைக்காதே என்பவர்களும் இருக்கிறார்கள். இன்றும் பின்வரிசையில் இரண்டு பேரைக் காண்கிறேன், வணக்கம். 1707இல் ஒல்லாந்தர் தேசவழமையை எழுத்தில் தொகுத்தார்கள். 1911இல் ஆங்கிலேயர் கணவன் மனைவி சொத்தைப் பற்றிய பகுதியை மாற்றி எழுதினார்கள். வெள்ளைக்காரன் இரண்டு தரம் கை வைத்த சட்டத்தில் நாம் ஒரு தரம் கை வைத்தால் மட்டும் தமிழ் அழிந்துவிடுமா? நாட்டில் தேசவழமை போன்ற தனிச் சட்டங்களுக்கு உட்படாத பெண்களுக்கு 1923இலேயே மணமான பெண்களின் சொத்துக் கட்டளைச் சட்டம் வந்துவிட்டது. அரசியலமைப்பில் சமத்துவம் இருக்கிறதே என்றால், 16ஆம் உறுப்புரை பழைய சட்டங்களை அடிப்படை உரிமைகளுக்கு முரணாக இருந்தாலும் அப்படியே காத்து வைத்திருக்கிறது. பாராளுமன்றம்தான் மாற்ற வேண்டும்.

நாவல் முடிவில் கொன்சுவேலோ ஜாக் பல்சான் என்ற பிரெஞ்சுக்காரரை மணந்து நிம்மதியாக வாழ்கிறார். உண்மையிலும் அப்படித்தான். ஆனால் இது ஏமாற்று முடிவு என்று நம் வாசகர்களில் பலருக்குக் கோபம். உருகி உருகி அழுதவர்களுக்குக் கடைசியில் நல்லது நடந்ததே பிடிக்கவில்லை. அந்தக் கோபத்தை நான் ரசித்தேன். அவளுக்குத் திரும்பிப் போகப் பிறந்த வீட்டுக் காசு இருந்தது என்று ஒரு சகோதரி சொன்னதுதான் இந்தப் புத்தகத்தைப் பற்றி வந்த அபிப்பிராயங்களில் எனக்கு மிகவும் பிடித்தது.

மூன்றாவது விஷயம், நாவலாசிரியர் வரலாற்றை வளைப்பது. தலைவர் மணியைக் கையில் எடுத்துவிட்டார். அதை நம் கவிஞரிடம் விட்டுவிடுகிறேன், அவருக்கு வளைப்பதில் அனுபவம் அதிகம்.

பின்னால் வடையும் பிளேன்ரீயும் வைத்திருக்கும் மேசைக்குப் பக்கத்து மேசையில் நீதி அமைச்சருக்கான மனு இருக்கிறது. 6ஆம் பிரிவில் கணவனின் சம்மதம் கேட்கும் வரியை எடுத்துவிடுங்கள், அவ்வளவுதான் கேட்கிறோம். பெயரையும் முகவரியையும் தெளிவாக எழுதுங்கள். சென்ற தடவை பாதிப் பேரின் கையெழுத்து டொக்டர் எழுத்து மாதிரி இருந்தது, வாசிக்க முடியவில்லை. ஆண்களும் போடலாம். வீட்டுக்குப் போய் இவரிடம் கேட்டுவிட்டு வருகிறேன் என்று மட்டும் யாரும் சொல்லிவிடாதீர்கள். வடை மூன்றாம் பந்திக்கும் போதும் என்று பொருளாளர் அம்மா உறுதி தந்திருக்கிறார்.

நன்றி, வணக்கம்.