வங்கியிலிருந்து 60 நாள் நோட்டீஸ் வந்தால் என்ன செய்யலாம்?

வீட்டை அடமானம் வைத்துக் கடன் வாங்கி, தவணை பாக்கி 90 நாளைத் தாண்டிவிட்டால் வங்கி அந்தக் கணக்கை வாராக்கடனாக்கிவிடும். அப்புறம் ஒரு நோட்டீஸ் வரும். அடமானச் சொத்தை வங்கியே கோர்ட்டுக்குப் போகாமல் எடுத்து விற்க வழிசெய்யும் 2002ஆம் ஆண்டு சர்ஃபேசி சட்டத்தின் 13(2) பிரிவின்படி, 60 நாளுக்குள் பணத்தைக் கட்டு என்று. விட்டுப்போன தவணைகளை மட்டுமல்ல, மொத்தக் கடனையும் கேட்டிருப்பார்கள்.

அந்தத் தொகையைப் பார்த்ததும் பயந்துபோய், வீட்டில் யாரிடமும் சொல்லாமல் பீரோவில் வைத்துப் பூட்டிவிடுகிறார்கள் பலர். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். உங்கள் கையில் இருக்கும் நல்ல காலமே அந்த 60 நாள்தான்.

முதலில் எழுத்தில் பதில் கொடுங்கள். கணக்கில் தப்பு இருக்கிறதா, கட்டிய பணம் வரவு வைக்கப்படவில்லையா, வட்டி கூடுதலாகப் போட்டிருக்கிறார்களா, எல்லாவற்றையும் எழுதுங்கள். ஆட்சேபம் ஏற்கப்படாவிட்டால் 15 நாளுக்குள் காரணத்தோடு வங்கி பதில் சொல்லியாக வேண்டும். இந்த உரிமை சும்மா வந்ததில்லை. 2004இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வலியுறுத்திய பிறகுதான் சட்டத்திலேயே சேர்த்தார்கள். கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போகும் கடன் வாங்கியவர், வங்கி கேட்ட தொகையில் 75 சதவீதத்தைக் கட்டிவிட்டுத்தான் வர வேண்டும் என்றிருந்த விதியையும் அதே தீர்ப்புதான் ரத்து செய்தது. பணம் இல்லாததால்தானே அவர் அங்கே வருகிறார்!

சரி, 60 நாள் முடிந்துவிட்டது, வீட்டை வங்கி எடுத்துக்கொண்டதாகச் சொல்லும் சுவாதீன நோட்டீஸைச் சுவரில் ஒட்டிவிட்டார்கள். இப்போது எங்கே போவது? சிவில் கோர்ட்டில் தடை வாங்கிவிடலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், 34வது பிரிவு அந்தக் கதவை அநேகமாக மூடியே வைத்திருக்கிறது. உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டாலும், தீர்ப்பாயம் இருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள் என்றுதான் பெரும்பாலும் கேட்பார்கள். போக வேண்டிய இடம் டிஆர்டி எனப்படும் கடன் மீட்புத் தீர்ப்பாயம். தமிழ்நாட்டில் சென்னை, கோயம்புத்தூர், மதுரையில் இருக்கிறது. வங்கி நடவடிக்கை எடுத்த நாளிலிருந்து 45 நாளுக்குள் 17வது பிரிவின் கீழ் மனு போட வேண்டும்.

ஒன்றைக் கவனியுங்கள். மனு போட்டதாலேயே வங்கி நின்றுவிடாது. இடைக்காலத் தடை தனியாகக் கேட்க வேண்டும், அதற்கு ஒரு பகுதிப் பணத்தைக் கட்டச் சொல்லித் தீர்ப்பாயம் நிபந்தனை விதிக்கலாம். 'என்னால் முடியவில்லை' என்பது மட்டும் அங்கே எடுபடாது. நோட்டீஸ் முறையாக வந்ததா, ஆட்சேபத்துக்குப் பதில் வந்ததா, முதல் ஏலத்துக்கு முன்பு 30 நாள் அவகாசம் கொடுத்தார்களா என்று வங்கி வழுக்கிய இடத்தைத் தேடிக் காட்ட வேண்டும். அதனால் தபால் உறையைக்கூடத் தூக்கி எறியாதீர்கள், அதில் இருக்கும் தேதி முத்திரைதான் உங்கள் சாட்சி.

அடமானம் வைத்தது விவசாய நிலமா? அப்படியானால் சர்ஃபேசி அதன் மேல் பாயாது. ஆனால் பட்டாவில் நஞ்சை என்று இருந்தால் மட்டும் போதாது, உண்மையில் அங்கே விவசாயம் நடக்கிறதா என்றும் பார்ப்பார்கள்.

பணம் புரட்டி வீட்டை மீட்க நினைப்பவர்களுக்கு ஒரு அவசரச் செய்தி. முன்பெல்லாம் சொத்து கைமாறும் வரை முழுத்தொகையைக் கட்டி மீட்கலாம். 2016 திருத்தத்துக்குப் பிறகு, ஏல அறிவிப்பு வெளியாவதற்கு முன்பே கட்டியாக வேண்டும். 2023இல் உச்ச நீதிமன்றமும் இதையே உறுதி செய்துவிட்டது. ஏல நாளன்று காலையில் பணத்தோடு போய் நின்றால், அதை உரிமையாகக் கேட்க முடியாது.

வக்கீலுக்குக் கொடுக்கக் காசில்லை என்றால், உங்கள் மாவட்ட நீதிமன்றத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பார்க்காமலே இலவச வக்கீல் உதவி கேட்க உரிமை உண்டு. கடன் மனைவி பெயரிலோ அம்மா பெயரிலோ இருந்தால் அவர்களையே அழைத்துக்கொண்டு போங்கள், நோட்டீஸையும் மறக்காமல் எடுத்துக்கொள்ளுங்கள்.