திரை போட்டுத் திருத்த முடியாதது

நடுவர் அவர்களே, வணக்கம். இன்னும் பிறக்காத ஒரு கட்டடக்கலையைக் கற்பனை செய்யுங்கள், அதை வழிநடத்த வேண்டியது ஒளியா, ஒலியா என்று கேட்டிருக்கிறீர்கள். ஒலிதான் என்று வாதாட வந்திருக்கிறேன்.

எதிரணி நண்பர் ரோமின் பழங்காலக் கோவிலான பாந்தியனைக் காட்டினார். குவிமாடத்தின் உச்சியில் ஏறத்தாழ 9 மீட்டர் அகலத்தில் வட்டத் திறப்பு, அதன் வழியே வெயில் இறங்கிச் சுவரில் ஊர்ந்து போகும். அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் வெயில் கூடிப்போனால் திரை போடலாம், குறைந்தால் விளக்குப் போடலாம். ஒலி கெட்டுப்போனால்?

நியூயார்க்கின் லிங்கன் சென்டர் கலை வளாகத்தில் 1962இல் ஃபில்ஹார்மோனிக் இசை அரங்கைத் திறந்தார்கள். கேட்டவர்கள் முகம் சுளித்தார்கள். எவ்வளவோ திருத்தியும் சரிவராமல் 1976இல் உள்ளே முழுக்க இடித்துக் கட்டினார்கள். அப்புறமும் முனகல் ஓயவில்லை. 2022இல் மறுபடியும் உள்ளரங்கை மாற்றினார்கள். ஜன்னல் சரியில்லை என்று யாராவது இத்தனை முறை இடித்ததுண்டா?

அமெரிக்காவின் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் 1895இல் ஒரு புது விரிவுரைக் கூடம். பேசிய சொல் அடங்க ஐந்தரை விநாடி. அதற்குள் அடுத்த பத்துச் சொல் அதன்மேல் வந்து விழும். (நம் பேச்சாளர்கள் வேகத்துக்கு இருபது!) வாலஸ் சபைன் என்ற இளம் இயற்பியல் ஆசிரியர் பக்கத்து அரங்கின் இருக்கை மெத்தைகளை இரவில் தூக்கிவந்து பரப்பினார். ஆர்கன் என்ற இசைக்கருவியின் குழாயை ஒலிக்கவிட்டு, முழக்கம் தேய்ந்து மறையும் நேரத்தை அளந்தார். விடிவதற்குள் மெத்தைகளைத் திருப்பி வைத்தாக வேண்டும். அந்த உழைப்பில் பிறந்தது ஒரு கணக்கு: அறையின் கன அளவு கூடினால் முழக்கம் நீளும், ஒலியை உறிஞ்சும் பரப்பு கூடினால் குறையும். அதை வைத்து எழுந்த பாஸ்டன் சிம்பனி அரங்கு 1900இல் திறந்தது. இன்றும் உலகின் தலைசிறந்த இசை அரங்குகளில் ஒன்று.

ஒளிக்கு மயங்கியவர்கள் கட்டுவது எது? கண்ணாடிச் சுவரும் கிரானைட் தரையுமாக நம்மூர்க் கல்யாண மண்டபம். நாதஸ்வரமும் பந்தி இரைச்சலும் மோதிக்கொள்ள, பக்கத்து இலைக்காரரிடம் ஊர் பெயரைக் கேட்கவே கத்த வேண்டும்.

என் கட்டடத்தில் வாசல் கூரை தாழ்ந்திருக்கும், கூடத்தில் உயரும். மாடிப்படிக்கு முன்னால் தரை கல்லிலிருந்து மரத்துக்கு மாறும். கோல் தட்டி வரும் பார்வையற்றவர் எங்கே நிற்கிறோம் என்பதைக் கேட்டே தெரிந்துகொள்வார். உங்கள் ஒளிக் கட்டடத்தில் அவருக்கு என்ன வைத்திருக்கிறீர்கள்? எதிரணி அதைச் சொல்லிவிட்டு மற்றதைப் பேசட்டும். நன்றி.