பிருத்விராஜ் சாலையில் ஒரு மெக்சிகோ வீடு

(நூலக வாசகர் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அவையில் கூடியிருக்கும் பெரியவர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம்.

பக்கத்து நாட்டுக்குப் போகும் தூதருக்கு வேலை தானாக வந்து சேரும். எல்லைத் தகராறு, ஆற்றுநீர்ப் பங்கீடு, கடலில் பிடிபட்ட மீனவர்கள் என்று அலுவலகம் திறக்கும் முன்பே கோப்புகள் காத்திருக்கும். 14,000 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் நாட்டுக்குத் தூதராகப் போகிறவரின் நிலை வேறு. பொது எல்லை இல்லை, பழைய பகை இல்லை, பெரிய வணிகமும் இல்லை. அங்கே போய் அவர் என்னதான் செய்வார்? டெல்லியில் மெக்சிகோ நாட்டுத் தூதர் பதவியின் வரலாற்றை இந்தக் கேள்வியோடுதான் படிக்கத் தொடங்கினேன். படிக்கப் படிக்க ஓர் எண்ணம் எனக்கு உறுதிப்பட்டது. இத்தகைய பதவிக்கென்று தனி உருவம் கிடையாது. அதில் அமர்பவர் எதைக் கொண்டுவருகிறாரோ, அதுதான் அந்தப் பதவி.

தூதர்களுக்கு முன்பே ஆட்கள் போய்வந்திருக்கிறார்கள். 1565 முதல் 1815 வரை மணிலாவுக்கும் மெக்சிகோவின் அகபுல்கோ துறைமுகத்துக்கும் இடையே ஸ்பானியக் கப்பல்கள் ஓடின. அந்த வழியில் அடிமையாகக் கொண்டுபோகப்பட்ட இந்தியப் பெண் ஒருத்தி, கதரினா தே சான் ஹுவான் என்ற பெயரோடு புவேப்லா நகரில் வாழ்ந்து 1688-இல் இறந்தாள். அந்த நகரத்து மக்கள் அவளைப் புனிதவதியாகவே போற்றினார்கள். இருபதாம் நூற்றாண்டில், வெளிநாட்டு இந்தியர்கள் ஆங்கிலேய ஆட்சிக்கு எதிராகத் தொடங்கிய கதர் (Ghadar) புரட்சி இயக்கத்தைச் சேர்ந்த பாண்டுரங் கான்கோஜே அங்கே போய்ச் சப்பிங்கோ வேளாண் பள்ளியில் ஆசிரியரானார். 1919-இல் மெக்சிகோவில் கம்யூனிஸ்டுக் கட்சியை நிறுவியவர்களில் ஒருவர் வங்காளத்து எம்.என். ராய். இவர்களில் யாரையும் எந்த அரசும் அனுப்பவில்லை.

விடுதலை பெற்ற இந்தியாவை லத்தீன் அமெரிக்காவில் முதலில் அங்கீகரித்த நாடு மெக்சிகோ. 1950 ஆகஸ்ட் 1 அன்று தூதரக உறவு ஏற்பட்டது. தொடக்கத்தில் நம் தரப்பில் தனித் தூதர் இல்லை. வாஷிங்டனில் இருந்த விஜயலட்சுமி பண்டிட்டே மெக்சிகோவையும் சேர்த்துக் கவனித்தார். மெக்சிகோ அனுப்பிய முதல் தூதரோ அந்நாட்டின் முன்னாள் குடியரசுத் தலைவர் எமிலியோ போர்ட்டெஸ் கில். புதிதாகப் பிறந்த ஏழை நாட்டுக்கு அவ்வளவு பெரிய மனிதரை அனுப்பியதை நான் மரியாதையாகவே எடுத்துக்கொள்கிறேன்.

அந்தத் தூதரகத்தை நிறுவும் பணிக்கு 1951-இல் பாரிஸிலிருந்து மாற்றப்பட்டு, மனமில்லாமல் கப்பலேறி பம்பாயில் வந்து இறங்கினார் ஓர் இளநிலை அதிகாரி. பெயர் ஆக்டேவியோ பாஸ், ஒரு கவிஞர். சில மாதங்களில் அவரை டோக்கியோவுக்கு மாற்றிவிட்டார்கள். ஆனாலும் அந்தச் சில மாதங்களில் ஒரு நல்ல காரியம் நடந்தது. மெக்சிகோ அரசின் உதவித்தொகைக்கு, செவித்திறன் குன்றிய இளம் ஓவியர் சதீஷ் குஜ்ரால் தேர்வானதில் பாஸுக்குப் பங்கு உண்டு.

1962-இல் அவர் மீண்டும் வந்தார், இம்முறை தூதராக. இலங்கையும் ஆப்கானிஸ்தானும் சேர்த்து அவர் பொறுப்பில் இருந்தன. பிருத்விராஜ் சாலையில் இருந்த அவர் வீட்டுத் தோட்டத்தில் ஒரு பெரிய வேப்பமரம் நின்றது. மரி ஜோசேயை அவர் மணந்துகொண்டது அதன் நிழலில்தான். அந்த வீட்டுக்கு அமைச்சர்களைவிட ஓவியர்களும் கவிஞர்களும்தான் மிகுதியாக வந்துபோனார்கள் என்று சொன்னால் அது பெரும்பாலும் சரியாகவே இருக்கும். தமிழ்க் குடும்பத்தில் சிம்லாவில் பிறந்த ஓவியர் ஜெ. சுவாமிநாதன் அவருக்கு நெருங்கிய நண்பர். சுவாமிநாதனும் தோழர்களும் ‘குரூப் 1890’ என்ற பெயரில் 1963-இல் டெல்லியில் கண்காட்சி வைத்தபோது, திறந்துவைத்தவர் நேரு. கையேட்டுக்கு முன்னுரை எழுதியவர் மெக்சிகோ தூதர். அறிமுகமில்லாத இளைஞர்களின் முயற்சிக்கு வெளிநாட்டுத் தூதர் ஒருவர் தம் பெயரைக் கொடுப்பது சாதாரணமான செயல் அல்ல.

தெற்கேயும் வந்தார். மதுரையைப் பற்றியும், உதகமண்டலத்தைப் பற்றியும், கன்னியாகுமரிக்கு அருகே கண்ட நிலத்தைப் பற்றியும் அவர் ஸ்பானிய மொழியில் கவிதைகள் எழுதியிருக்கிறார். நம் ஊர்ப் பெயர்கள் இப்படித்தான் மெக்சிகோ வாசகர்களிடம் போய்ச் சேர்ந்தன. எந்த வணிக ஒப்பந்தமும் இதைச் செய்திருக்காது.

அதே ஆண்டுகளில் இரு நாட்டையும் இணைத்த இன்னொரு செய்தி கோதுமை. பஞ்சமும் அமெரிக்கக் கப்பல்களின் தானியமும் நம்மை வாட்டிய காலம் அது. அமெரிக்க வேளாண் விஞ்ஞானி நார்மன் போர்லாக் மெக்சிகோவில் உருவாக்கிய குட்டைரகக் கோதுமையை இங்கே சோதித்துப் பார்த்தவர்களில் முதன்மையானவர் கும்பகோணத்தில் பிறந்த எம்.எஸ். சுவாமிநாதன். அதை ஏற்கத் துணிந்த உணவு அமைச்சர் கொங்கு நாட்டு சி. சுப்பிரமணியம். 1966-இல் 18,000 டன் விதைக் கோதுமை மெக்சிகோவிலிருந்து வந்தது. 1968 அறுவடை அதுவரை கண்ட எல்லா விளைச்சலையும் தாண்டியது. இந்தப் பெருமையில் கவிஞருக்குப் பங்கு கேட்க நான் வரவில்லை. அது விஞ்ஞானிகளும் அமைச்சகங்களும் நடந்த பாதை. ஆனால் தொலைதூர நட்பு என்றால் விருந்தும் வாழ்த்தும்தான் என்று நினைப்பவர்களுக்கு இந்த மூட்டைகளை நினைவூட்டாமல் இருக்க முடியவில்லை.

இனி 1968 அக்டோபர். இதைச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன்.

மெக்சிகோ நகரில் ஒலிம்பிக் போட்டிகள் அக்டோபர் 12 அன்று தொடங்க இருந்தன. பல வாரங்களாக மாணவர்கள் தெருவில் இறங்கிப் போராடிக்கொண்டிருந்தார்கள். அக்டோபர் 2 மாலையில், த்லாத்தெலோல்கோ பகுதியில் முப்பண்பாட்டுச் சதுக்கம் எனப்படும் இடத்தில் கூடியிருந்தவர்கள்மீது ராணுவம் சுட்டது. இறந்தவர்கள் எத்தனை பேர் என்பது இன்றுவரை தீர்க்கப்படாத கணக்கு. இமயமலை அடிவாரத்தில் ஓய்வுக்குப் போயிருந்த பாஸ் வானொலியில் செய்தியைக் கேட்டார். அக்டோபர் 4 தேதியிட்டு வெளியுறவு அமைச்சர் அந்தோனியோ கரீயோ ஃப்ளோரஸுக்குக் கடிதம் எழுதி, தூதர் பொறுப்பிலிருந்து தம்மை விடுவிக்கக் கேட்டுக்கொண்டார். ஒலிம்பிக் கலைவிழாவுக்குக் கவிதை தர மறுத்திருந்தவர், மூன்று நாள் கழித்து ஒரு கவிதை அனுப்பினார். அது அந்தப் படுகொலையைப் பற்றியது.

அப்போது அவருக்கு வயது 54. இருபது ஆண்டுகளுக்கு மேல் அரசுப் பணியில் இருந்தவர். பதவியில் இருந்துகொண்டே உள்ளிருந்து பேசியிருக்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. எனக்கு அந்தக் கருத்தில் உடன்பாடில்லை. தூதர் என்பவர் தம் அரசின் குரல். வெளிநாட்டில் அவர் வாய் திறந்தால் பேசுவது அவர் அல்ல, அவரை அனுப்பியவர்கள். சுட்டவர்களின் குரலாக ஒரு நாள்கூட டெல்லியில் நின்றிருக்க அவரால் முடியாது. அவர் கடிதம் எழுதியதற்கு வேறு விளக்கம் தேவையில்லை.

அரசு முறைப்படி இந்தியா அவருக்கு விடைகொடுப்பது கடினம். அவருடைய அரசோடு இந்திய அரசுக்கு நல்லுறவு இருந்ததே! இந்திரா காந்தி அவரைத் தம் வீட்டுக்கு அழைத்துத் தனிப்பட்ட முறையில் விருந்தளித்தார். பாஸ் ரயிலில் பம்பாய் போனார். வழியில் நிலையங்களில் மாணவர்கள் மாலையோடு காத்திருந்தார்கள். 1951-இல் வந்திறங்கியபோது பார்த்த எலிஃபண்டா குகைக்கு மீண்டும் ஒருமுறை போய்விட்டுக் கப்பலேறினார்.

பதவி நின்றுவிடவில்லை. அவருக்குப் பின்னும் தூதர்கள் வந்தார்கள், வணிகம் பெருகியது. பாஸ் 1985-இல் நேரு நினைவுச் சொற்பொழிவு ஆற்ற டெல்லிக்கு வந்தார். 1990-இல் நோபல் பரிசு பெற்றார்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். ஸ்பானிய மொழி படிக்கும் மாணவர்கள் இங்கே சிலர் வந்திருப்பதாக அமைப்பாளர்கள் சொன்னார்கள். மதுரை, உதகை, குமரி பற்றிய அந்தக் கவிதைகளை ஆங்கிலத்தின் வழியாக அல்லாமல் மூலத்திலிருந்தே நேராகத் தமிழுக்குக் கொண்டுவாருங்கள். நீங்கள் ஒரு வரைவு கொடுத்தால், அடுத்த கூட்டத்தில் முதல் ஒரு மணி நேரத்தை அதற்கே ஒதுக்கச் சொல்லி இந்த மேடையில் நான் கேட்பேன். வணக்கம்.