102 நாட் அவுட்: பேராசைக்கு இடம் கொடுப்பது யார்?

[திரையில்: வெறும் மேடை, இரண்டு நாற்காலிகள்]

வணக்கம். சொத்துத் தகராறு நாடகம் என்றால் நமக்கு ஒரு கதை மனப்பாடம். அப்பா தங்கமானவர், மகன் சொத்துக்கு அலைபவன், கடைசிக் காட்சியில் மகன் காலில் விழுவான், கைதட்டல். அகமதாபாத்தைச் சேர்ந்த சௌம்யா ஜோஷி எழுதிய குஜராத்தி நாடகம் '102 நாட் அவுட்' வேறு வழியில் போகிறது. இதில் திருந்த வேண்டியவர் அப்பா. அதுவும் 75 வயதில்.

கதை நடப்பது மும்பையில். தத்தாத்ரேய வகாரியாவுக்கு வயது 102, மகன் பாபுலாலுக்கு 75. நான் சொன்ன அப்பா இந்தப் பாபுலால்தான், அவருக்கும் ஒரு மகன் உண்டு. உலகிலேயே அதிக நாள் வாழ்ந்த ஆண் என்ற சாதனை ஒரு சீனரிடம் இருக்கிறது. அதை முறியடிக்கப் போவதாகப் பெரியவர் சொல்கிறார். அதற்கு வீட்டில் அழுமூஞ்சி இருக்கக் கூடாதாம். ஆகவே மகனை முதியோர் இல்லத்தில் சேர்க்கப் போகிறார்!

வீட்டிலேயே இருக்க வேண்டுமா? சரி, சில நிபந்தனைகள். முதலாவது, இறந்துபோன மனைவிக்குக் காதல் கடிதம் எழுத வேண்டும். உடம்புக்கு ஒன்றும் இல்லாமலேயே ஓயாமல் டாக்டரிடம் ஓடுகிற மனிதர், பேனாவைப் பிடித்துக்கொண்டு திணறுகிறார். அரங்கம் சிரிக்கிறது.

[திரையில்: தொலைபேசி]

இந்தச் சிரிப்புக்கு அடியில்தான் அமோல் இருக்கிறான். பாபுலாலின் மகன், அமெரிக்காவில் குடும்பத்தோடு இருக்கிறான். வருகிறேன் என்பான், வரமாட்டான். தாய் நோயில் கிடந்தபோதும் வரவில்லை. இப்போது மட்டும் புறப்பட்டு வருகிறான், சொத்துக்காக. தாத்தாவுக்கு அது புரிகிறது. அப்பாவுக்கோ மகன் வருகிறான் என்பதே போதும், மற்றதெல்லாம் மறந்துவிடுகிறது.

பெற்ற மனம் பித்து, பிள்ளை மனம் கல்லு என்று சொல்லிவிட்டு நாம் கல்லைத்தான் திட்டுவோம். இந்த நாடகம் பித்தைக் கேள்வி கேட்கிறது. மகனின் பேராசை வளர்ந்தது அப்பாவின் ஏமாளித்தனத்தில் என்கிறது. அதனால்தான் கடைசி நிபந்தனை அவ்வளவு கடுமையானது: வருகிற மகனை வெளியே அனுப்பு.

இது யார் முன்னால் நடக்கிறது என்பதையும் பார்க்க வேண்டும். மும்பை குஜராத்தி நாடகங்களுக்குக் குடும்பம் குடும்பமாக வருவார்கள். சமூக மண்டல்கள், அதாவது சமூகச் சங்கங்கள், ஒரு காட்சியின் டிக்கெட்டுகளை மொத்தமாக வாங்குவதும் உண்டு. பிள்ளைகள் அமெரிக்காவில் இருக்கும் பெற்றோர் அந்தக் கூட்டத்தில் எத்தனையோ பேர். அவர்களை முதலில் சிரிக்க வைத்துவிட்டு, அப்புறம் இதைச் சொல்ல அசாத்தியத் துணிச்சல் வேண்டும்.

[திரையில்: 2018]

உமேஷ் சுக்லா இதை இந்தியில் படமாக்கினார். அமிதாப் பச்சன் 102 வயதுப் பெரியவர், ரிஷி கபூர் அவர் மகன் பாபுலால். நாடகம் போய்ச் சேராத ஊர்களுக்கும் கதை அப்படித்தான் போனது.

அமோலின் பக்கத்தைக் கேட்கவே இல்லையே என்று சிலருக்குத் தோன்றலாம். உண்மைதான், அவனுக்குப் பெரிதாகப் பேச இடமில்லை. ஆனால் அவனைப் பேசவிட்டிருந்தால் பாபுலால் மறுபடியும் இளகியிருப்பார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.