பெயர்களை ஓட விடுங்கப்பா!

வணக்கம் மக்களே! இன்றைக்கு எனக்கு அவ்வளவு சந்தோஷம். நேற்று ஒரு தொடரின் கடைசி எபிசோடை, கடைசிப் பெயர் திரையை விட்டுப் போகும்வரை பார்த்து முடித்தேன். பெயர்கள் ஓடும்போது நான் எழுந்திருக்க மாட்டேன் என்பது உங்களுக்குத் தெரிந்ததுதான்.

ஆனால் இந்த ஆப்கள் விட்டால்தானே! கதாநாயகி கதவைச் சாத்துகிறாள், திரை இருள்கிறது, வயலின் தொடங்குகிறது. உடனே மொத்தமும் சுருங்கி மூலைக்குப் போய்விடும். பெயர்கள் எறும்பு ஊர்கிற மாதிரி தெரியும். பக்கத்திலேயே ‘அடுத்த எபிசோடு 5, 4, 3...’ ரிமோட்டைத் தேடி எடுப்பதற்குள் அடுத்தது ஓட ஆரம்பித்துவிடும். நிம்மதியாக அழக்கூட விடுவதில்லை.

சரி, நெட்ஃபிளிக்ஸில் இதை எப்படி நிறுத்தினேன்? டிவியில் செட்டிங்ஸ் முழுக்கத் தேடினேன், இல்லை. கடைசியில் கணினியில் பிரவுசரைத் திறந்து, கணக்குக்குள் போய், என் புரொஃபைலைத் திறந்தால், அடியில், அடுத்த எபிசோடைத் தானாக ஓட்டும் ‘ஆட்டோபிளே’வுக்கு ஒரு சின்னக் கட்டம். அவர்களே டிக் போட்டு வைத்திருக்கிறார்கள்! எடுத்துவிட்டேன். ஆ, ஒன்று விட்டுப்போச்சு: சேவ் கொடுக்கணும். அப்புறம் டிவியில் லாக் அவுட் செய்து திரும்ப உள்ளே வரணும். வீட்டில் ஒவ்வொருவர் புரொஃபைலுக்கும் தனித்தனியாகச் செய்யணும்.

2013-ல் நெட்ஃபிளிக்ஸ் ‘ஹவுஸ் ஆஃப் கார்ட்ஸ்’ முதல் சீசனின் 13 எபிசோடுகளையும் ஒரே நாளில் இறக்கியது. விடிய விடியப் பார்ப்பது அப்புறம் வழக்கமாகிவிட்டது. ‘அடுத்து என்ன ஆகும்’ என்று வாரம் முழுக்கப் பேசிக்கொண்டிருந்தோமே, அந்தச் சுகம் போச்சு. 2017-ல், தொடக்க டைட்டிலைத் தாண்டிப் போக ‘ஸ்கிப் இன்ட்ரோ’ பட்டன் அதில் வந்தது. ஒரு நாளில் 13.6 கோடி முறை அதை அழுத்துகிறார்கள் என்று 2022-ல் அவர்களே பெருமையாகச் சொன்னார்கள். ராத்திரியெல்லாம் உட்கார்ந்து டைட்டில் இசை அமைத்தவருக்கு எப்படி இருக்கும்?

அட, முக்கியமானதையே சொல்லவில்லை! வேற்று மொழித் தொடரைத் தமிழில் பார்க்கிறோம் இல்லையா? தமிழில் குரல் கொடுத்தவர்களின் பெயர்கள் பெரும்பாலும் எல்லாம் முடிந்தபிறகு தனி அட்டையாக வரும். ஆட்டோபிளே இருந்தால் அதைப் பார்க்கவே முடியாது. போன வீடியோவில் அந்தப் பாட்டியின் குரல் யாருடையது என்று புலம்பினேனே, நேற்று அவர் பெயரைப் படித்துவிட்டேன்! அவர் பேசிய மற்ற தொடர்களைத்தான் இந்த வாரம் முழுக்கத் தேடிப் பார்க்கப்போகிறேன்.