கோவெண்டர் என்ற பெயரும் கப்பல் பதிவேடும்

அடுத்த கேள்வி தென்னாப்பிரிக்காவின் டர்பனில் இருந்து ஒரு சகோதரி அனுப்பியது. "எங்கள் குடும்பப் பெயர் கோவெண்டர். எனக்குத் தமிழ் தெரியாது, பூர்வீக ஊரும் தெரியாது. பாட்டியிடம் கேட்டால் 'கப்பலில் வந்தோம்' என்பதோடு நிறுத்திவிடுகிறார். எங்கள் வேரை எப்படிக் கண்டுபிடிப்பது?"

சரி. கோவெண்டர் என்பது கவுண்டர்தான் அம்மா. ஆங்கில எழுத்தில் ஏறி, அதைப் படித்துப் படித்து அப்படி ஆகிவிட்டது. முதலியார் 'மூட்லி' ஆனதும் இப்படித்தான். ஆனால் கவுண்டர் பட்டம் பல சாதியினருக்கு உண்டு. கப்பலேறும்போது சாதியை மாற்றிச் சொன்னவர்களும் இருந்தார்கள். அதனால் பெயரை மட்டும் வைத்து ஊரைச் சொல்ல முடியாது.

1860 முதல் 1911 வரை சுமார் 1,52,000 பேரை ஒப்பந்தக் கூலிகளாக, பெரும்பாலும் கரும்புத் தோட்டங்களுக்கென்று, டர்பன் இருக்கும் நேட்டாலுக்குக் கொண்டுபோனார்கள். பெரும்பகுதி சென்னைத் துறைமுகம் வழியாகப் போனவர்கள். ஒவ்வொருவருக்கும் கப்பல் பதிவேட்டில் ஒரு வரி இருக்கிறது: எண், பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, கிராமம், உயரம், உடம்பில் உள்ள தழும்பு. தழும்பைக்கூடக் குறித்தவர்கள் ஊர்ப்பெயரைக் காதில் விழுந்தபடி எழுதிவைத்தார்கள். ஆளை அடையாளம் பிடிக்கத்தான் அந்த ஏடு, அவருடைய பேரப்பிள்ளைகளுக்காக எழுதியது அல்ல. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு மனசு கனத்துவிடும். என்றாலும் உங்களுக்கு அதுதான் வாசல். டர்பன் ஆவணக் காப்பகத்தில் கேளுங்கள். வீட்டில் பழைய காகிதம் எதிலாவது அந்த எண் இருக்கிறதா என்றும் தேடுங்கள்.

பாட்டியைக் குறை சொல்லாதீர்கள். ஒப்பந்தம் முடிந்தும் அங்கேயே தங்கினால் ஆண்டுக்கு 3 பவுண்டு வரி என்று 1895இல் சட்டம் வந்தது. 1913இல் அதே நாட்டின் கேப் மாகாண நீதிமன்றம் கிறிஸ்தவ முறைப்படி நடந்த திருமணமே செல்லும் என்றது. தாலி கட்டிய மனைவி சட்டத்தின் கண்ணில் மனைவி இல்லை! இதையெல்லாம் பார்த்த பெரியவர்கள் பிள்ளைகளிடம் எதைச் சொல்லியிருப்பார்கள்?

அப்புறம் ஒன்று. உங்கள் பக்கம் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றுகிறீர்கள் அல்லவா? ஆடியில் கூழ் ஊற்றுவது வடஆற்காடு, செங்கல்பட்டுப் பக்கம் ஊறிப்போன வழக்கம். இது சான்று ஆகாது, ஆனால் தேட ஒரு திசை கிடைக்கும். பாட்டியிடம் ஊர் எது என்று கேட்காதீர்கள். கூழுக்கு என்ன தொட்டுக்கொள்வீர்கள், பூசையில் முதலில் எந்தச் சாமியைக் கூப்பிடுவீர்கள் என்று கேட்டு, போனில் பதிவு செய்யுங்கள். பதிவேட்டு வரி கிடைத்ததும் எனக்கு அனுப்புங்கள், அந்த ஊர்ப்பெயரைச் சேர்ந்தே தேடுவோம்.