ஆறு கையெழுத்தும் ஒரு வாக்கும்: பழைய ஸ்காட்லாந்து நாடாளுமன்றத்தில் ஷயர்கள்

நேயர்களுக்கு வணக்கம்.

1707-இல் இங்கிலாந்தோடு இணையும் வரை ஸ்காட்லாந்துக்கென்று தனி நாடாளுமன்றம் இருந்தது. மேலவை, கீழவை என்ற பிரிவு அங்கே கிடையாது. பிரபுக்களும், ஆயர்களும் (திருச்சபையின் பிஷப்புகள்), நகரங்களின் ஆட்களும், ஷயர்கள் என்ற மாவட்டங்களின் ஆட்களும் ஒரே அவையில்தான் உட்கார்ந்தார்கள். ஷயரிலிருந்து வருபவருக்குக் கமிஷனர் என்று பெயர். நம் ஊரில் கமிஷனர் என்றால் போலீஸோ மாநகராட்சியோ நினைவுக்கு வரும். அங்கே அது ‘கமிஷன்’, அதாவது அதிகாரப் பத்திரம், கையில் வைத்திருப்பவர் என்ற பொருளில் வந்த பெயர். அந்தப் பத்திரத்தை யார் கொடுக்கலாம் என்பதில்தான் விஷயமே இருக்கிறது.

முதலில் ஒன்று. நாடாளுமன்றத்துக்குப் போவதை அன்று யாரும் உரிமையாக நினைக்கவில்லை. அரசரிடம் நேரடியாக நிலம் பெற்ற ஒவ்வொருவரும், நிலம் சிறியதோ பெரியதோ, அழைத்தால் நேரில் வந்தாக வேண்டும் என்பது கடமை. வழிச்செலவு அவரவர் கைக்காசு. அதனால் சிறு நிலக்காரர்கள் வராமலே நழுவினார்கள். 1428-இல் முதலாம் ஜேம்ஸ் இதற்கு ஒரு வழி சொன்னார். ஷயருக்கு இரண்டு அல்லது அதற்கு மேற்பட்ட விவரமறிந்த ஆட்களை அனுப்புங்கள், அவர்கள் செலவை நீங்கள் ஏற்றுக்கொள்ளுங்கள், மற்றவர்கள் வீட்டிலேயே இருக்கலாம் என்றது சட்டம். மிகச் சிறிய ஷயர்களான கிளாக்மன்னனும் கின்ராஸும் ஆளுக்கொருவரை அனுப்பினால் போதும். சட்டம் ஏட்டில் மட்டும் இருந்தது. வராமலிருப்பதற்குத் தண்டனை சரியாக விழாதபோது, செலவுக்குக் காசு கொடுத்து ஆள் அனுப்ப யாருக்கு மனம் வரும்?

நிலைமையை மாற்றியது மதச் சீர்திருத்தம். 1560 ஆகஸ்டில் கூடிய நாடாளுமன்றத்துக்கு நூற்றுக்கும் மேற்பட்ட லெயர்டுகள், அதாவது பிரபுப் பட்டம் இல்லாத நிலக்கிழார்கள், திரண்டு வந்தார்கள். வரச் சொன்னால் வராதவர்கள் இப்போது இடம் கேட்டு வந்து நின்றார்கள். 1587-இல் ஆறாம் ஜேம்ஸ் பழைய சட்டத்தைத் தூசி தட்டி எடுத்து, நடைமுறையோடு சேர்த்துக் கொடுத்தார்.

அந்த நடைமுறை இது. ஆண்டுதோறும் மைக்கேல்மஸ் பருவத்தில், அதாவது செப்டம்பர் கடைசியில் வரும் திருநாளை ஒட்டி, ஷயரின் அரசு அதிகாரியான ஷெரிப்பின் தலைமை மன்றம் கூடும். அங்கே அந்த ஷயரில் குடியிருக்கிற நேரடி நிலக்காரர்கள் இருவரைத் தேர்ந்தெடுப்பார்கள். வாக்குக்குத் தகுதி, ‘பழைய மதிப்பில்’ நாற்பது ஷில்லிங் பெறுமான நிலம். தேர்வானவரின் கமிஷனில் முத்திரையோடு குறைந்தது ஆறு நிலக்காரர்களின் கையெழுத்து இருக்க வேண்டும். ஆறு பேர் போதும் என்பது சௌகரியம்தான். ஆனால் ஒரே ஷயரில் இரண்டு கோஷ்டிகள் ஆளுக்கு ஆறு கையெழுத்து வாங்கிக்கொண்டு, இரண்டு கமிஷன்களோடு எடின்பரோவுக்கு வந்து நிற்கவும் அதுவே வழி விட்டது. அந்தத் தகராறை நாடாளுமன்றமே உட்கார்ந்து தீர்க்க வேண்டும்.

‘பழைய மதிப்பு’ என்பது பதிமூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகச் சொல்லப்பட்ட நில மதிப்பீடு. நானூறு ஆண்டுக் கணக்கை எப்படி நிரூபிப்பது? வாரிசு நிலத்தைப் பெறும்போது ஜூரிகள் விசாரித்து அரசு அலுவலகத்துக்கு அனுப்பும் ‘ரெட்டூர்’ என்ற பத்திரத்தில் அந்தத் தொகை எழுதப்பட்டிருக்கும். அது கிடைத்தால் வாக்கு உண்டு. திருச்சபையிடமிருந்து பிரிந்து வந்த நிலங்களில் சிக்கல் அதிகம். அங்கே நிரந்தரக் குத்தகைத் தொகையும் பழைய மதிப்பும் ஒன்றோடொன்று கலந்து கிடக்கும். எது எது என்று பிரித்துக் காட்ட முடியாவிட்டால் வாக்கு போயிற்று.

1681 சட்டம் இதற்கு ஒரு மாற்று வழி தந்தது. பழைய மதிப்பு தெரியாத நிலத்துக்கு, நிலவரி மதிப்பீட்டில் 400 ஸ்காட்ஸ் பவுண்டு இருந்தால் போதும். பன்னிரண்டு ஸ்காட்ஸ் பவுண்டு ஓர் ஆங்கிலப் பவுண்டு என்பதால், இது சுமார் 33 ஸ்டெர்லிங் பவுண்டுதான். நிலக்காரர்கள் கூடி வாக்காளர் பட்டியல் எழுதி, ஒவ்வொரு மைக்கேல்மஸிலும் திருத்த வேண்டும் என்பதும் அதே சட்டம்தான். மனைவிக்கு வந்த நிலத்தைக் காட்டிக் கணவர் வாக்களிக்கலாம். நிலத்துக்குரிய அந்தப் பெண் வாக்களிக்க முடியாது.

இதில் கேட்பவர்கள் பெரும்பாலும் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. வாக்கு, உழுபவருக்கோ அனுபவிப்பவருக்கோ சேர்ந்ததில்லை. அரசருக்கு நேர் கீழே நிற்கும் மேலுரிமைக்குச் சேர்ந்தது. ஒரு பிரபுவின் கீழே ஆயிரக்கணக்கான ஏக்கர் வைத்திருக்கும் பணக்காரருக்கு வாக்கில்லை. அரசரிடம் நேரடியாகப் பெற்ற சின்ன நிலக்காரருக்கு உண்டு. நிலத்தைக் கையில் வைத்துக்கொண்டே மேலுரிமையை மட்டும் துண்டு போட்டு நண்பர்களுக்கு எழுதிக்கொடுத்து வாக்காளர்களை ‘உற்பத்தி’ செய்யும் வித்தை, இணைப்புக்குப் பிறகு கொடிகட்டிப் பறந்தது. அதற்கான ஓட்டை 1681-இலேயே இருந்தது. விதிவிலக்கு சதர்லாந்து ஷயர்: அங்கே ஏர்ல் பட்டம் பெற்ற அந்த ஊர்ப் பிரபுவின் கீழே நிலம் வைத்திருந்தவர்களும் வாக்களித்தார்கள்.

அவைக்குள் போன பிறகு என்ன? 1640 வரை ஒரு ஷயரின் இரண்டு கமிஷனர்களுக்கும் சேர்த்து ஒரே வாக்கு. அந்த ஆண்டு, அரசரின் திருச்சபைக் கொள்கையை எதிர்த்த உடன்படிக்கையாளர்கள் ஆயர்களை வெளியேற்றிவிட்டு, ஆளுக்கு ஒரு வாக்கு என்று மாற்றினார்கள். ஒரே அடியில் ஷயர்களின் பலம் இரட்டித்தது. இடையில் பெரிய முட்டுக்கட்டையாக இருந்தது ‘ஆர்ட்டிகிள்ஸ் பிரபுக்கள்’ என்ற குழு. மசோதாக்கள் அதன் வழியாகத்தான் வர வேண்டும். 1633-இல் பின்பற்றி, ஆயர்கள் திரும்பி வந்த பின் 1663-இல் மீட்ட முறைப்படி, பிரபுக்கள் எட்டு ஆயர்களையும் ஆயர்கள் எட்டுப் பிரபுக்களையும் பொறுக்குவார்கள். அந்தப் பதினாறு பேர் சேர்ந்து எட்டு ஷயர்க்காரரையும் எட்டு நகரத்தாரையும் பொறுக்குவார்கள். ஆயர்களை நியமிப்பவர் அரசர். தங்கள் எட்டுப் பேர் யார் என்பதில்கூட ஷயர்களுக்கு வாய் கிடையாது. 1690-இல் அந்தக் குழு ஒழிந்தது. அதே ஆண்டு பெரிய ஷயர்களுக்கு 26 இடங்கள் கூடின. மொத்தம் 90-ஐ ஒட்டி வந்தது. நகரங்களுக்கு 67.

செலவு? 1661 சட்டப்படி கமிஷனருக்கு நாளொன்றுக்கு ஐந்து ஸ்காட்ஸ் பவுண்டு, ஆங்கிலக் கணக்கில் எட்டு ஷில்லிங் நான்கு பென்ஸ். அதை ஷயரின் நிலக்காரர்கள் தர வேண்டும். நாடாளுமன்றத் தொடக்கத்தில் ஹாலிரூட் அரண்மனையிலிருந்து நடக்கும் குதிரை ஊர்வலத்தில் நகரக் கமிஷனருக்கு ஒரு வேலையாள், ஷயர்க் கமிஷனருக்கு இருவர் நடந்து வருவார்கள். மரியாதைக் கணக்கிலும் ஷயர்க்காரர் நகரத்தாரைவிட ஒரு படி மேல்!

1690-இல் வந்த அந்தக் கூடுதல் இடங்களுக்குப் பிறகுதான் ஹாடிங்டன் ஷயரின் கமிஷனர் ஆண்ட்ரூ ஃபிளெட்சர் போன்றவர்கள் 1703-இல் அரசியின் அதிகாரத்தைக் கட்டுப்படுத்த அவையில் வெளிப்படையாக மல்லுக்கு நின்றார்கள். 1706 நவம்பர் 4 அன்று இங்கிலாந்தோடு இணையும் ஒப்பந்தத்தின் முதல் பிரிவு வாக்கெடுப்புக்கு வந்தது. ஷயர்கள் ஆதரவு 37, எதிர்ப்பு 33. நகரங்கள் 33-க்கு 29. இரண்டிலும் நான்கே வாக்கு வித்தியாசம். பிரபுக்கள் 46-க்கு 21. முடிவு 116-க்கு 83. முப்பத்து மூன்று வாக்கு வித்தியாசத்தில் இருபத்தைந்து பிரபுக்களுடையது.

இணைப்புக்குப் பின் லண்டனில் ஸ்காட்லாந்துக்கு 45 இடம், அதில் ஷயர்களுக்கு 30. ஷயர்களோ முப்பத்து மூன்று. கணக்கு எப்படிப் பொருந்தும்? இருபத்தேழுக்கு ஆளுக்கொன்று கொடுத்துவிட்டு, மிச்சமிருந்த ஆறைச் சோடி போட்டார்கள்: நெய்ர்னும் குரோமார்ட்டியும், கிளாக்மன்னனும் கின்ராஸும், பியூட்டும் கெய்த்னஸும். ஒரு நாடாளுமன்றத்துக்கு ஒன்று ஆள் அனுப்பும், அடுத்ததற்கு மற்றது. பியூட் மேற்குக் கரைத் தீவு, கெய்த்னஸ் வடகிழக்கு முனை. 1716-இல் நாடாளுமன்றத்தின் ஆயுள் ஏழு ஆண்டாக நீண்டபோது, முறை வராத ஷயர் தன் ஆளை அனுப்ப ஏழு ஆண்டுகூடக் காத்திருக்க வேண்டியிருந்தது.